பிஎஸ் 2 லென்ஸ் போய்க்கொண்டிருக்கிறது: சொந்த டிஸ்க்குகளை பேக்கப் எடுத்து ஹோம்ப்ரூவில் ஓட்ட வழி சொல்லுங்கள்

வடபழனி_பிளேயர்:

எல்லோருக்கும் வணக்கம். என்னிடம் இருப்பது ஸ்லிம் பிஎஸ் 2, அதாவது மெலிந்த வடிவ பிளேஸ்டேஷன் 2 கேம் செட். அடியில் உள்ள ஸ்டிக்கரில் எஸ்சிபிஎச்-77 என்று தொடங்கும் எண். காலேஜில் படிக்கும்போது வாங்கியது. ஒரிஜினல் டிஸ்க்குகள் ஒரு அட்டைப்பெட்டி நிறைய இருக்கின்றன.

கொஞ்ச நாளாக டிஸ்க் போட்டால் சுற்றுகிறது, நிற்கிறது, மறுபடி சுற்றுகிறது. கடைசியில் டிஸ்க் ரீட் எரர் என்று சிவப்புத் திரை. அடிப்பக்கம் நீலமாக இருக்கிற டிஸ்க்குகளை சுத்தமாக எடுப்பதே இல்லை. வெள்ளி நிற டிஸ்க்குகளில் சிலவற்றை மட்டும் எடுக்கிறது.

ரிப்பேர் கடையில் இரண்டு வழி சொன்னார்கள். ஒன்று, லென்ஸ் மாற்றி, கூடவே காப்பி டிஸ்க்கும் ஓட வைக்கிற சிப் போட்டுத் தருவது. இன்னொன்று, "கேம் ஏற்றிய பென் டிரைவும் ஒரு மெமரி கார்டும் தருகிறோம், இனிமேல் டிஸ்க்கே வேண்டாம்" என்றார்கள். அந்த இரண்டாவது விஷயம் எப்படி வேலை செய்கிறது என்று கேட்டால் சரியான பதில் இல்லை.

எனக்கு வேண்டியது இவ்வளவுதான். செட்டைப் பிரிக்காமல், என்னிடம் இருக்கிற டிஸ்க்குகளையே காப்பி எடுத்து ஓட்ட வேண்டும். முடியுமா? மெமரி கார்டில் இருக்கிற பழைய சேவ்களுக்கு ஒன்றும் ஆகாதே?

பழைய_பெட்டி:

முடியும். சிப்பும் வேண்டாம், செட்டில் ஒரு திருகாணியைக்கூடக் கழற்ற வேண்டாம். கடைக்காரர் தருகிறேன் என்ற மெமரி கார்டில் இருப்பது ஃப்ரீ மெக்பூட். பென் டிரைவில் இருக்கிற கேமை ஓட்டுவது ஓபன் பிஎஸ் 2 லோடர், சுருக்கமாக ஓபிஎல். இரண்டும் இலவசம். இவற்றைத்தான் ஹோம்ப்ரூ என்கிறோம், ஆர்வலர்கள் தாங்களாகவே எழுதிய மென்பொருள்.

எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்துகொண்டால் பின்னால் வருகிற பாதிப் பிரச்சினைகளை நீங்களே தீர்த்துவிடலாம். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

பிஎஸ் 2 ஆன் ஆகும்போது முதலில் மெமரி கார்டில் சிஸ்டம் அப்டேட் ஏதாவது இருக்கிறதா என்று பார்க்கும். சிஸ்டம் மென்பொருளைக் கார்டு வழியாகப் புதுப்பிக்கத் தயாரிப்பாளர்களே வைத்த வாசல் அது. 2008-இல் வந்த ஃப்ரீ மெக்பூட் அந்த இடத்தில்தான் போய் உட்கார்கிறது. செட் தன்னுடைய அப்டேட் என்று நம்பி அதை ஓட்டிவிடும். செட்டுக்குள் எதுவும் எழுதப்படுவதில்லை. கார்டைக் கழற்றிவிட்டு ஆன் செய்தால் கடையிலிருந்து வந்தபோது எப்படி இருந்ததோ அப்படியே இருக்கும்.

ஒரு விஷயம் முக்கியம். மெமரி கார்டுகளில் மேஜிக்கேட் என்ற குறியாக்கம் உண்டு. இந்த அப்டேட் கோப்பு அந்தந்தக் கார்டோடு பிணைக்கப்பட்டிருக்கும். அதனால் நண்பர் கார்டில் இருப்பதை அப்படியே உங்கள் கார்டுக்கு நகலெடுத்தால் ஓடாது. இன்ஸ்டாலரை பிஎஸ் 2-விலேயே ஓட்டி, அந்தக் கார்டிலேயே பதிய வேண்டும். மேஜிக்கேட் இல்லாத மலிவான 64 எம்பி கார்டுகளில் பதிவே ஆகாது. ஒரிஜினல் 8 எம்பி கார்டு கிடைத்தால் அதுவே போதும்.

அடுத்தது ஓபிஎல். 2009-லிருந்து வளர்ந்து வருகிற திறந்த மூல மென்பொருள். கேம் "டிஸ்க்கில் இந்த இடத்தைப் படி" என்று கேட்கும்போது, டிரைவுக்குப் போக வேண்டிய அந்தக் கோரிக்கையை ஓபிஎல் நடுவில் பிடித்து, பென் டிரைவிலோ நெட்வொர்க்கிலோ இருக்கிற ஐஎஸ்ஓ கோப்பிலிருந்து (டிஸ்க்கின் முழு நகல்) படித்துக் கொடுக்கிறது. பெரும்பாலான கேம்களுக்கு வித்தியாசமே தெரியாது. லென்ஸ் அசையக்கூட வேண்டாம்.

உங்கள் 77 வரிசை மாடலில் ஃப்ரீ மெக்பூட் தடையில்லாமல் ஓடும். சேவ்களைத் தொடாது. இருந்தாலும் பழைய கார்டைத் தனியாக வைத்துவிட்டு இதற்கென்று வேறு கார்டை வைத்துக்கொள்ளுங்கள். இன்ஸ்டாலரில் மல்டி இன்ஸ்டால் என்று ஒரு தேர்வு வரும். அதைத் தொடாதீர்கள், அது கார்டின் கோப்பு அமைப்பையே வளைத்துப் பதிகிறது. சாதாரண இன்ஸ்டாலே போதும்.

மதுரை_மெமரிகார்டு:

அண்ணா, என்னிடம் இருப்பது 90 வரிசை. கார்டு வாங்கிப் போட்டேன், எப்போதும் போல மெனுதான் வருகிறது. கார்டு டூப்ளிகேட்டா?

பழைய_பெட்டி:

கார்டு நன்றாகவே இருக்கலாம் தம்பி. 90 வரிசையில் பிற்பாடு வந்த செட்களில் பயாஸ் (செட்டுக்குள் பதிந்துள்ள அடிப்படை மென்பொருள்) 2.30. அதில் மெமரி கார்டு அப்டேட் என்ற அந்த வாசலையே எடுத்துவிட்டார்கள். அடியில் ஸ்டிக்கரில் செட் தயாரான காலத்தைக் குறிக்கும் டேட் கோடு இருக்கும். 8சி-க்கு முந்தையது என்றால் ஃப்ரீ மெக்பூட் ஓடும். 8சி என்றால் இரண்டு விதமும் உண்டு, போட்டுப் பார்த்துத்தான் தெரியும். அதற்குப் பிந்தையது என்றால் ஓடாது.

உங்களுக்கு ஓபன்டூனா இருக்கிறது. இது ஆன் ஆகும்போது தானாக ஓடாது. மெனுவில் ப்ரவுசருக்குப் போய் மெமரி கார்டைத் திறக்க வேண்டும். கார்டில் உள்ள ஐகான் கோப்பைப் படிக்கும்போது செட் செய்கிற ஒரு பிழையைப் பிடித்துக்கொண்டு அது உள்ளே நுழைகிறது. ஒவ்வொரு முறையும் இரண்டு பட்டன் கூடுதலாக அழுத்த வேண்டும், அவ்வளவுதான் சிரமம்.

2020 ஜூனில் வந்த ஃப்ரீடிவிடிபூட் இன்னொரு வழி. பிஎஸ் 2-வில் டிவிடி படம் பார்க்கிற பிளேயர் இருக்கிறதல்லவா, அதில் இருக்கிற ஒரு ஓட்டை வழியாக நுழைவது. ஒரு டிவிடி-ஆரில் அந்த ஐஎஸ்ஓவை எழுதி, டிஸ்க்கை ஃபைனலைஸ் செய்து (மேலும் எழுத முடியாதபடி மூடி), செட்டின் மொழியை ஆங்கிலத்தில் வைத்துப் போட்டால் ஸ்லிம் மாடல்களில் ஓடும். ஹோம்ப்ரூ போட்ட கார்டு எதுவும் கையில் இல்லாதவர்கள் முதல் கார்டைப் பதிய இதைத்தான் பயன்படுத்துகிறார்கள். வடபழனி நண்பருக்கு இது ஒத்துவருமா என்பது சந்தேகம்தான். தளர்ந்த லென்ஸ் எழுதிய டிவிடியை எடுக்காமல் போகலாம். அவர் ஏற்கெனவே பதிந்த கார்டு ஒன்றை வாங்கிக்கொள்வது நல்லது.

மதுரை_மெமரிகார்டு:

டேட் கோடு 8டி. இப்போதுதான் புரிகிறது. ஓபன்டூனா போட்டுப் பார்க்கிறேன், நன்றிண்ணா.

கோவை_சால்டரிங்:

ரிப்பேர் தொழிலில் இருக்கிறவன் என்ற முறையில் சிப் பற்றி நானும் சொல்லிவிடுகிறேன். சிப்புக்கு ஒரு காலத்தில் அர்த்தம் இருந்தது. பிஎஸ் 2 டிஸ்க்கில் சாதாரண டிவிடி ரைட்டரால் எழுத முடியாத ஒரு அடையாளம் இருக்கும். செட் முதலில் அதைத்தான் தேடும். கேம் தரவு எதுவும் பூட்டப்படவில்லை, கம்ப்யூட்டர் டிரைவில் போட்டால் கோப்புகள் எல்லாம் தெரியும். ஆனால் எழுதிய டிஸ்க்கில் அந்த அடையாளம் இருக்காது என்பதால் செட் அதை ஏற்காது. அந்தச் சோதனையை ஏமாற்றத்தான் சிப். டிஸ்க்கே வேண்டாம் என்று ஆன பிறகு சிப்புக்கு என்ன வேலை?

அதோடு எழுதிய டிவிடிகள் ஒரிஜினலை விட மங்கலாகத்தான் ஒளியைத் திருப்பும். லென்ஸ் கூடுதலாக உழைக்க வேண்டும். நைந்த லென்ஸ் உள்ள செட்டுக்கு சிப் போட்டு எழுதிய டிஸ்க் ஓட்டச் சொல்வது அந்த லென்ஸைச் சீக்கிரம் வழியனுப்பும் வேலை. சிப்புக்கு போர்டில் பொடிப்பொடியாகப் பல இடங்களில் சால்டர் வைக்க வேண்டும். இத்தனை வருடம் ஆன போர்டில் எனக்கே அதைச் செய்ய மனம் வராது.

நீலம், வெள்ளி பற்றிக் கேட்டிருந்தீர்கள். நீலம் சிடி, வெள்ளி டிவிடி. சிடிக்கும் டிவிடிக்கும் லேசர் வேறு வேறு. அதனால்தான் ஒன்று முதலில் போய் இன்னொன்று கொஞ்ச நாள் தாக்குப்பிடிக்கிறது.

தூத்துக்குடி_கேம்ஸ்:

நான் பென் டிரைவில்தான் விளையாடுகிறேன். சில கேம்களில் நடுவில் வீடியோ வரும்போது சத்தம் விட்டு விட்டு வருகிறது, படம் இழுக்கிறது. விளையாடும்போது ஒன்றுமில்லை. நல்ல யுஎஸ்பி 3 பென் டிரைவ் வாங்கினால் சரியாகுமா?

பழைய_பெட்டி:

ஆகாது, காசை வீணாக்காதீர்கள். இந்த இழையில் எல்லோரும் மனதில் வைக்க வேண்டிய விஷயம் இதுதான் என்பதால் கணக்கோடு சொல்கிறேன்.

பிஎஸ் 2-வில் இருப்பது யுஎஸ்பி 1.1. காகிதத்தில் நொடிக்கு 12 மெகாபிட், அதாவது 1.5 எம்பி. நடைமுறையில் 1 எம்பி வந்தாலே அதிகம். அதே செட்டின் டிவிடி டிரைவ் 4எக்ஸ் வேகத்தில் நொடிக்கு 5 எம்பிக்கு மேல் படிக்கக்கூடியது. கேம் செய்தவர்கள் இந்த 5 எம்பியை நம்பித்தான் வீடியோவையும் உலகத்தையும் கட்டினார்கள். நீங்கள் அதை 1 எம்பி குழாய் வழியாக ஊற்றுகிறீர்கள். தண்ணீர் தொட்டியில் எவ்வளவு இருந்தால் என்ன? பென் டிரைவ் எவ்வளவு வேகமானதாக இருந்தாலும் செட்டின் போர்ட் அதே போர்ட்தான்.

சண்டை கேம், கிரிக்கெட், ஆர்பிஜி போன்றவை ஒருமுறை லோட் ஆன பிறகு டிஸ்க்கை அதிகம் கேட்காது. அவற்றுக்கு யுஎஸ்பி போதும். ஓடிக்கொண்டே ஊரை லோட் செய்கிற கேம்களும், முழுத்திரை வீடியோ நிறைய உள்ளவையும் திணறும். ஓபிஎல்லில் கேம் மேல் நின்று முக்கோணப் பட்டன் அழுத்தினால் அந்த கேமுக்கான அமைப்பு வரும். அதில் மோட் 4 வீடியோக்களைத் தாண்டிவிடும். நான் அதைப் பரிந்துரைக்க மாட்டேன். கதையை வெட்டிவிட்டு விளையாடுவதில் எனக்கு உடன்பாடு இல்லை.

பலரும் "ஹோம்ப்ரூ சரியில்லை, டிஸ்க்தான் சரி" என்று திரும்பிப் போவதற்குக் காரணம் இந்த யுஎஸ்பி ஒன்றுதான். கடைகளில் பென் டிரைவோடு தருவதால் அதுதான் ஒரே வழி என்று நினைத்துவிடுகிறார்கள். எங்கே கேமை வைக்கிறீர்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

தூத்துக்குடி_கேம்ஸ்:

சரி, புரிந்தது. அப்படியென்றால் ஸ்லிம்முக்கு வேறு என்ன வழி? ஹார்ட் டிஸ்க் போட முடியுமா?

கோவை_சால்டரிங்:

ஹார்ட் டிஸ்க் பழைய பெரிய பெட்டி மாடலுக்குத்தான். 30 வரிசையிலும் 50 வரிசையிலும் பின்பக்கம் ஒரு பெரிய இடம் இருக்கும். நெட்வொர்க் அடாப்டரை அதில் செருகி, ஐடிஈ என்ற பழைய இணைப்பு வகை 3.5 இன்ச் ஹார்ட் டிஸ்க்கை உள்ளே வைக்கலாம். இப்போது அடாப்டருக்குள் சாட்டா என்ற புது இணைப்புக்கான போர்டு மாற்றி புது டிஸ்க், எஸ்எஸ்டி எல்லாம் போடுகிறார்கள். ஓபிஎல் 2 டிபி வரை எடுக்கும். வேகம், நம்பகம் இரண்டிலும் இதுக்கு மேலே வேறு வழி கிடையாது. பெரிய பெட்டி வைத்திருப்பவர்கள் அடாப்டர் தேடி வாங்குங்கள், ஒரிஜினல்தான் வேண்டும். காப்பி அடாப்டர்கள் பலவற்றில் லேன் ஜாக்கே இருப்பதில்லை.

ஸ்லிம்மில் 70 வரிசையில் மட்டும் போர்டில் ஐடிஈ இணைப்புப் புள்ளிகள் இருக்கும். சால்டர் செய்து இழுக்கலாம், சாதாரண ஆட்களுக்கான வேலை அல்ல. 75-இலிருந்து அதுவும் கிடையாது.

யாழ்_கம்பி:

வணக்கம். ஸ்லிம் வைத்திருக்கிற ஆட்களுக்கு நான் சொல்லுவது லேன் வழி. எல்லா ஸ்லிம்மிலும் பின்னால் லேன் போர்ட் இருக்கு. கம்ப்யூட்டரில் ஒரு ஃபோல்டரை ஷேர் செய்துவிட்டு, ஓபிஎல்லில் நெட்வொர்க் அமைப்புக்குள் போய் அந்தக் கம்ப்யூட்டரின் ஐபி எண்ணையும் ஷேர் பெயரையும் குடுத்தால் போதும். ரவுட்டரில் இருந்து ஒரு கம்பி செட்டுக்கு. ரவுட்டர் தூரமாக இருந்தால் லேப்டாப்பில் இருந்து நேராகவே கம்பி இழுக்கலாம், அப்ப இரண்டுக்கும் கையால் ஐபி குடுக்க வேணும். லேப்டாப்புக்கு 192.168.1.5 என்றால் செட்டுக்கு 192.168.1.10 என்று வையுங்கோ. கடைசி எண் மட்டும்தான் மாற வேணும்.

யுஎஸ்பியை விட இரண்டு மூன்று மடங்கு வேகம் கிடைக்கும். வீடியோ எல்லாம் ஒழுங்காக ஓடும்.

ஒரு சிக்கல் எல்லோருக்கும் வரும். ஓபிஎல் பேசுவது எஸ்எம்பி 1 என்ற, ஃபோல்டர் ஷேருக்கான பழைய மொழி. விண்டோஸ் 10-இல் 1709 பதிப்பில் இருந்து அதை நிறுத்தி வைத்திருக்கிறார்கள். விண்டோஸ் அம்சங்கள் பட்டியலுக்குள் போய் அதை ஆன் செய்தால்தான் செட் கம்ப்யூட்டரைக் கண்டுபிடிக்கும்.

பழைய_பெட்டி:

யாழ் நண்பர் சொன்னது எல்லாம் சரி, கடைசி விஷயத்தில் மட்டும் ஒரு எச்சரிக்கை. எஸ்எம்பி 1-ஐ நிறுத்தியதற்குக் காரணம் இருக்கிறது. 2017 மே மாதம் உலகம் முழுக்க கம்ப்யூட்டர்களைப் பூட்டிய வானாக்ரை வைரஸ் பரவியது அதில் இருந்த ஓட்டை வழியாகத்தான். பேங்க் வேலை, ஆபீஸ் வேலை பார்க்கிற கம்ப்யூட்டரில் அதை ஆன் செய்து வைக்காதீர்கள்.

வீட்டில் தூங்குகிற பழைய லேப்டாப் இருந்தால் அதில் லினக்ஸ் போட்டு, ஃபோல்டர் ஷேர் செய்கிற சாம்பா மென்பொருளை வையுங்கள். ராஸ்பெரி பை என்ற சின்ன கம்ப்யூட்டர் இருந்தால் இன்னும் நல்லது. மின்சாரம் குறைவு, டிவிக்குப் பின்னாலேயே ஒளித்துவைக்கலாம். சாம்பா அமைப்புக் கோப்பில் குறைந்தபட்ச புரோட்டோகாலை என்டி1 (எஸ்எம்பி 1-க்கு அதில் உள்ள பெயர்) என்று வைத்தால்தான் ஓபிஎல்லுக்குப் பதில் சொல்லும். கேம் ஃபோல்டரை மட்டும் ஷேர் செய்யுங்கள், வேறு எதுவும் அந்த மெஷினில் இருக்க வேண்டாம். ராஸ்பெரி பையிலிருந்து செட்டுக்கு நேராக ஒரு கம்பி போட்டுவிட்டால் அது இணையத்தோடு தொடர்பே இல்லாமல் தனியாக இருக்கும். என் வீட்டில் இருப்பது இந்த அமைப்புதான். ரொம்பத் திருப்தி.

மூன்றாவது வழி எம்எக்ஸ்4எஸ்ஐஓ. மெமரி கார்டு வடிவத்தில் ஒரு அடாப்டர், அதில் எஸ்டி கார்டு செருகி இரண்டாவது மெமரி கார்டு ஸ்லாட்டில் வைப்பது. விலை குறைவு, யுஎஸ்பியை விட மேல். கம்பி, கம்ப்யூட்டர் எதுவும் வேண்டாம். ஓபிஎல் 1.2 பீட்டா பதிப்புகளில்தான் இதற்கு ஆதரவு உண்டு. எல்லா எஸ்டி கார்டும் ஒத்துவராது, இரண்டாவது ஸ்லாட்டும் போய்விடும். லேன் இழுக்க வழியே இல்லாதவர்களுக்கு இது.

திருச்சி_எமுலேட்டர்:

இவ்வளவு சுற்று எதற்கு ப்ரோ? கம்ப்யூட்டரையே பிஎஸ் 2 போல நடிக்க வைக்கிற பிசிஎஸ்எக்ஸ்2 போட்டால் ஹெச்டியில் விளையாடலாம். பழைய செட்டைக் கட்டி அழ வேண்டிய அவசியம் என்ன?

பழைய_பெட்டி:

பிசிஎஸ்எக்ஸ்2 நல்ல மென்பொருள், நானும் வைத்திருக்கிறேன். அதற்கும் உங்கள் செட்டிலிருந்து எடுத்த பயாஸ் வேண்டும், அதை எடுக்கவும் இதே ஹோம்ப்ரூ கார்டுதான் வேண்டும். டிஸ்க்கிலிருந்து எடுத்த ஐஎஸ்ஓ இரண்டிலும் ஓடும். ஆகவே இரண்டும் ஒன்றுக்கொன்று எதிரி அல்ல.

ஆனால் வீட்டு டிவியில், அந்த அனலாக் கன்ட்ரோலரில், பட்டன் அழுத்திய நொடியில் பதில் வருகிற அந்த உணர்வுக்காகச் செட்டை வைத்திருப்பவர்கள் இருக்கிறோம். 2000 மார்ச்சில் ஜப்பானில் வெளிவந்து, 2013 வரை தயாரிப்பில் இருந்து, 15 கோடிக்கு மேல் விற்ற பெட்டி இது. வேலை செய்கிற நிலையில் இருக்கிற ஒன்றை லென்ஸ் போனது என்பதற்காக எடைக்குப் போடுவதை என்னால் ஏற்க முடியாது.

வடபழனி_பிளேயர்:

எல்லோருக்கும் நன்றி. கார்டு வாங்கிவிட்டேன், மெனுவில் ஓபிஎல், கோப்புகளைக் கையாளும் யூலாஞ்ச்எல்ஃப் இரண்டும் வருகின்றன. லேன் வழியாகவே போகிறேன். இப்போது டிஸ்க்குகளை காப்பி எடுக்க வேண்டும். கம்ப்யூட்டரில் சாதாரண டிவிடி டிரைவ் போதுமா? ஃபைல் பெயர் எப்படி வைக்க வேண்டும்?

பழைய_பெட்டி:

சாதாரண டிவிடி டிரைவ் போதும். செட்டின் லென்ஸ் எடுக்காத டிஸ்க்கைக்கூட கம்ப்யூட்டர் டிரைவ் எளிதாக எடுக்கும். மென்மையான துணியால் நடுவிலிருந்து ஓரத்துக்கு நேர்கோட்டில் துடையுங்கள், வட்டமாகத் தேய்க்க வேண்டாம். இம்ஜ்பர்ன் மென்பொருளில் ரீட் தேர்ந்தெடுத்தால் டிவிடி நேராக ஐஎஸ்ஓ ஆகிவிடும். நீல டிஸ்க்குகளை பின் (BIN), க்யூ (CUE) என்ற கோப்பு வடிவில் எடுத்து, பிறகு ஐஎஸ்ஓவாக மாற்றுங்கள்.

எடுத்து முடித்ததும் ஒரு வேலை கட்டாயம் செய்யுங்கள். ரீடம்ப் என்ற தளத்தில் ஒவ்வொரு டிஸ்க்கின் ஹாஷ் எண்ணும் (கோப்பிலிருந்து கணக்கிடும் கைரேகை போன்ற எண்) பட்டியலாக இருக்கிறது. உங்கள் கோப்பின் ஹாஷைக் கணக்கிட்டு ஒப்பிடுங்கள். நீல டிஸ்க்குக்கு ஐஎஸ்ஓவாக மாற்றுவதற்கு முன் இருந்த BIN கோப்பையே ஒப்பிட வேண்டும். எண் ஒன்றாக இருந்தால் ஒரு பிட் கூட மாறாத காப்பி. மாறினால் டிரைவின் வேகத்தைக் குறைத்து மறுபடி எடுங்கள், அல்லது வேறு டிரைவில் போட்டுப் பாருங்கள். கீறல் விழுந்த டிஸ்க் ஒரு டிரைவில் தோற்று இன்னொன்றில் ஜெயிப்பது அடிக்கடி நடக்கும்.

கடைப் பென் டிரைவை நான் வேண்டாம் என்பதற்கும் இதுதான் காரணம். அதில் இருக்கிற கோப்பு எங்கிருந்து வந்தது என்று யாருக்கும் தெரியாது. ஒரு காலத்தில் இடம் மிச்சம் பிடிக்க வீடியோவையும் பாட்டையும் வெட்டிய காப்பிகள் ஏராளமாகச் சுற்றின. பாதி விளையாட்டில் தொங்கினால் ஓபிஎல் மேல் பழி விழும். நீங்கள் காசு கொடுத்து வாங்கிய டிஸ்க் கையில் இருக்கும்போது அந்தக் குப்பை எதற்கு?

ஷேர் ஃபோல்டருக்குள் ஆங்கிலப் பெரிய எழுத்தில் சிடி, டிவிடி என்று இரண்டு ஃபோல்டர்கள். நீல டிஸ்க் முதலாவதில், வெள்ளி இரண்டாவதில். கோப்புப் பெயருக்கு முன்னால் டிஸ்க்கின் அடையாள எண்ணை வைப்பது வழக்கம். புதிய பதிப்புகளில் கட்டாயம் இல்லை, ஆனால் வைத்துவிட்டால் பட்டியல் சீக்கிரம் வரும்.

யுஎஸ்பியில் வைப்பவர்களுக்கு மட்டும் இரண்டு வார்த்தை. பென் டிரைவின் ஃபார்மட் ஃபேட்32 என்றால் 4 ஜிபிக்கு மேல் ஒரே கோப்பு வைக்க முடியாது. காட் ஆஃப் வார் 2 இரட்டை அடுக்கு டிவிடி, அது கட்டாயம் தாண்டும். யுஎஸ்பியூடில் மென்பொருள் கொண்டு துண்டு போட வேண்டும், அல்லது ஓபிஎல் 1.2 பீட்டாவில் எக்ஸ்ஃபேட் ஃபார்மட் பயன்படுத்த வேண்டும். எதுவானாலும் பார்ட்டிஷன் எம்பிஆர் முறையில் இருக்கட்டும். கோப்பு துண்டு துண்டாகச் சிதறியிருக்கிறது என்று ஓபிஎல் புலம்பினால், பென் டிரைவை ஃபார்மட் செய்து ஒவ்வொன்றாக மறுபடி ஏற்றுங்கள். நடுவில் அழித்து அழித்து ஏற்றுவதால் வருவது அது.

சட்டக்கல்லூரி_இறுதியாண்டு:

இடையில் நுழைவதற்கு மன்னிக்கவும். இப்படிக் காப்பி எடுப்பது சட்டப்படி சரியா என்று இதுவரை யாரும் கேட்கவில்லை, அதனால் எழுதுகிறேன்.

நம் நாட்டுப் பதிப்புரிமைச் சட்டம் 1957, பிரிவு 52(1)(ஏஏ) கணினி நிரல் ஒன்றைச் சட்டப்படி வைத்திருப்பவர், தன் கையில் இருக்கும் பிரதியிலிருந்தே காப்பி எடுக்க இடம் தருகிறது. இழப்பு, அழிவு, சேதம் ஆகியவற்றிலிருந்து தற்காலிகப் பாதுகாப்புக்காக, அது எந்தப் பயனுக்காகத் தரப்பட்டதோ அந்தப் பயனுக்கு மட்டும் என்பது நிபந்தனை. 2012 திருத்தத்தில் வந்த பிரிவு 65ஏ தொழில்நுட்பப் பூட்டுகளை உடைப்பதைக் குற்றமாக்குகிறது, இரண்டு ஆண்டு வரை சிறை. ஆனால் உரிமையை மீறும் நோக்கத்தோடு உடைத்தால் என்றுதான் அதில் சொல்லப்பட்டிருக்கிறது.

இரண்டிலும் அடித்தளம் ஒன்றே: டிஸ்க் உங்களுடையதாக இருக்க வேண்டும். இணையத்திலிருந்து இறக்கிய ஐஎஸ்ஓவும் கடை பென் டிரைவும் இந்தப் பிரிவின் நிழலில் வராது. டிஸ்க்கை விற்றுவிட்டு காப்பியை வைத்துக்கொள்வதும் வராது. மற்ற நாடுகளில் இருக்கும் நண்பர்கள் அந்தந்த நாட்டுச் சட்டத்தைப் பாருங்கள், சில இடங்களில் இதைவிடக் கடுமை.

பழைய_பெட்டி:

நன்றி தம்பி, இது மேலே ஒட்டிவைக்க வேண்டிய பதிவு.

இதோடு சேர்த்து நான் ரொம்ப நாளாகச் சொல்ல நினைத்த ஒன்று. பிஎஸ் 2-வுக்கென்று இந்தியாவிலேயே செய்த கேம்கள் உண்டு. 2009-இல் ஹைதராபாத்தில் செய்த ஹனுமான்: பாய் வாரியர், அதே ஆண்டு கபடியும் கில்லி தண்டாவும் உள்ள தேசி அட்டா. வெளிநாட்டுப் பெரிய கேம்களை உலகம் முழுக்க லட்சம் பேர் வைத்திருக்கிறார்கள், அவை அழியாது. இந்த டிஸ்க்குகள் விற்றது இங்கேதான், இருப்பதும் இங்கே உள்ள பரண்களில்தான்.  கேமாக எப்படி இருந்தன என்பது வேறு விஷயம், நம் ஊர் ஆட்கள் அந்த வன்பொருளில் என்ன செய்ய முயன்றார்கள் என்பதற்கு அவைதான் சாட்சி. யாரிடமாவது இருந்தால் தயவுசெய்து இந்த வாரமே எடுத்துத் துடைத்து ஒரு காப்பி எடுத்துவையுங்கள். டிஸ்க்கையும் விற்காதீர்கள்.

கோவை_சால்டரிங்:

முழுக்க வழிமொழிகிறேன். என்னிடம் வருகிற செட்களோடு அட்டை இல்லாத டிஸ்க்குகள் குவியலாக வரும். எதுவும் வேண்டாம் என்று விட்டுவிட்டுப் போவார்கள். இனிமேல் ஒவ்வொன்றாகப் பார்க்கிறேன்.

வடபழனி_பிளேயர்:

பாதி டிஸ்க் காப்பி எடுத்துவிட்டேன். லேன் வழியாக வீடியோ ஒரு இடத்தில்கூட இழுக்கவில்லை, டிஸ்க்கில் ஓடியதைவிட லோடிங்கும் சில கேம்களில் சீக்கிரமாக இருக்கிறது. மனசு நிறைஞ்சு போச்சு.

இரண்டு சந்தேகம் பாக்கி. ஒரு கேம் மட்டும் லோகோ வந்ததும் கருப்புத் திரையில் நிற்கிறது, ஹாஷ் சரியாகத்தான் இருக்கிறது. அப்புறம் பழைய கார்டில் இருக்கிற சேவ்களை கம்ப்யூட்டருக்குக் கொண்டுவர முடியுமா? அந்தக் கார்டுக்கும் வயசாகிறது.

பழைய_பெட்டி:

கருப்புத் திரைக்கு: முக்கோணம் அழுத்தி, மோட் 1 மட்டும் ஆன் செய்து பாருங்கள். அது டிஸ்க்கின் படிக்கும் வேகத்தைப் போலவே நடிக்கும், ஓபிஎல்லின் வேகமே சில கேம்களைக் குழப்புவதுண்டு. சரியாகாவிட்டால் அதை அணைத்துவிட்டு மோட் 2, பிறகு மோட் 3. ஒவ்வொன்றாக, ஒரே நேரத்தில் எல்லாவற்றையும் அல்ல. வேலை செய்ததைச் சேமித்துவிடுங்கள், அந்த கேமுக்கு மட்டும் அது நினைவிலிருக்கும்.

சேவ்களுக்கு: பழைய கார்டை இரண்டாவது ஸ்லாட்டில் வையுங்கள். யூலாஞ்ச்எல்ஃப் திறந்து எம்சி1 என்று இருப்பதற்குள் போங்கள், எண்ணிக்கை பூஜ்யத்தில் தொடங்குவதால் இரண்டாவது ஸ்லாட்டுக்கு அந்தப் பெயர். ஒவ்வொரு கேமுக்கும் ஒரு ஃபோல்டர் இருக்கும். அவற்றைத் தேர்ந்தெடுத்து பிஎஸ்யு வடிவில் பென் டிரைவுக்கு ஒட்டுங்கள், நேரமும் தேதியும் உட்பட அப்படியே வரும். இந்த வேலைக்கு யுஎஸ்பி வேகம் தாராளம். அந்தக் கோப்புகளை இன்னொரு இடத்திலும் ஒரு பிரதி வையுங்கள்.

வடபழனி_பிளேயர்:

மோட் 1-லேயே ஓடிவிட்டது. சேவ்கள் பென் டிரைவுக்கு ஏறிக்கொண்டிருக்கின்றன. அட்டைப்பெட்டியின் அடியில் தேசி அட்டாவும் இருக்கிறது, அண்ணன் மகனுக்காக வாங்கியது. இன்றைக்கு ராத்திரி அதை எடுத்து ஹாஷை இங்கே போடுகிறேன், வேறு யாரிடமாவது இருந்தால் ஒப்பிட்டுச் சொல்லுங்கள்.